பிரசவ ஆஸ்பத்திரிக்கு ஒரு கிணறு

என் வீட்டுக்காரருக்குப் பத்திரிகைக்காரர்கள் வைத்திருக்கும் பட்டம் ‘எண்ணெய் வள்ளல்’. அதைப் படிக்கும்போதெல்லாம் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். வள்ளல் என்றால் அடுத்தவருக்கு என்ன வேண்டுமோ அதைக் கொடுக்க வேண்டும். இவர் தன்னிடம் என்ன இருக்கிறதோ அதைக் கொடுப்பார். இவரிடம் இருப்பதெல்லாம் இரும்பு.

அனாதைக் குழந்தைகள் இல்லத்தில் ஒரு ஊஞ்சல் கேட்டார்கள். பூமியைத் துளைக்கிற குழாய்களை வெட்டி ஊஞ்சல் செய்து அனுப்பினார். அதை ஆட்டிவிட இரண்டு ஆள் வேண்டும், நிறுத்த நாலு ஆள் வேண்டும். முதியோர் இல்லத்தில் சாப்பாட்டு நேரத்துக்கு அடிக்க ஒரு மணி கேட்டார்கள். ரிக்கில் தீப்பிடித்தால் ஊதுகிற சங்கைக் கொண்டுபோய் மாட்டிவிட்டார். முதல் நாள் மதியம் அது ஊதியதும் இரண்டு பெரியவர்கள் ஜன்னல் வழியாக வெளியே குதித்துவிட்டார்கள். அதில் ஒருவர் ஆறு மாதமாக எழுந்து நடக்காதவர். அதையும் இவருடைய சாதனையாகப் படம் போட்டு எழுதினார்கள்.

குறை சொல்ல வேண்டும் என்று சொல்லவில்லை. மனிதர் நல்லவர்தான். பதினாறு வயதில் எண்ணெய்ப் பீப்பாய் கழுவுகிற வேலைக்குப் போனவர். பீப்பாய்க்குள் தலையை விட்டுக்கொண்டே பேசிப் பழகியதால் இன்றைக்கும் பக்கத்தில் இருப்பவரிடம்கூடக் கத்தித்தான் பேசுவார். அப்புறம் யாரோ கழித்துக் கட்டிய துளைபோடும் இயந்திரம் ஒன்றை வாங்கி, தானே பழுதுபார்த்து, வாடகைக்கு விட்டார். அதுதான் ரிக். இப்போது பதினொரு ரிக் இருக்கிறது. எண்ணெய்க் கம்பெனிக்காரர்கள் இடத்தைக் காட்டினால் போதும், இவருடைய ஆட்கள் போய்ப் பதினாலாயிரம் அடி வரைக்கும் இறங்கிவிடுவார்கள். எங்கள் ஊரில் பாதி வீடுகளில் இவரிடம் வேலை பார்க்கிற ஒருவராவது உண்டு.

ஊரில் ஒரு பிரசவ ஆஸ்பத்திரி இருக்கிறது. பத்தொன்பது கட்டில், ஒரு டாக்டரம்மா, ஆறு நர்ஸ். எல்லாவற்றையும் ஆட்டிப்படைப்பது பெரிய சிஸ்டர். டாக்டரம்மாவே அவரைக் கேட்டுத்தான் தும்முவார். என் மகள் அங்கேதான் பிறந்தாள். அப்போது பெரிய சிஸ்டர் சின்ன சிஸ்டராக இருந்தார். இரண்டு பகல், ஒரு இரவு என் கையை விடாமல் பிடித்துக்கொண்டு பக்கத்திலேயே இருந்தார். நானும் பிள்ளையும் இன்றைக்கு உயிரோடு இருப்பது அவரால்தான். அதனால் அந்த ஆஸ்பத்திரிக்கு ஒன்று என்றால் எனக்குத் தூக்கம் வராது.

இந்த வருஷம் ஒன்று வந்தது. குழாயில் தண்ணீர் நின்றுபோய், வாரம் இரண்டு லாரித் தண்ணீரில் ஆஸ்பத்திரி ஓடிக்கொண்டிருந்தது. சுகாதார அதிகாரி வந்து பார்த்துவிட்டுக் கடிதம் அனுப்பினார். மாதக் கடைசி நாள் மதியம் பன்னிரண்டு மணிக்குள் சொந்தமாகத் தண்ணீர் வசதி செய்து, பிரசவ அறைக் குழாயில் தண்ணீர் வரவேண்டும். இல்லையென்றால் பிரசவ வார்டுக்கு சீல். அதற்கு அடுத்த ஆஸ்பத்திரி நாற்பது மைல். வலி எடுத்தவள் நாற்பது மைல் போய்ச் சேர்வதற்குள் என்ன ஆகும் என்று பெற்றவர்களைக் கேட்டால் தெரியும்.

பெரிய சிஸ்டர் என்னிடம்தான் வந்தார். “பெரிசா ஒண்ணும் வேண்டாம். சின்னதா ஒரு போர் போட்டாப் போதும். பக்கத்துல துணி வெளுக்கற கடையில இருநூறு அடியில தண்ணி வருது. சார்கிட்ட நீங்க ஒரு வார்த்தை சொல்லுங்க.”

சொன்னேன். அதுதான் நான் செய்த தப்பு.

“சின்ன போரா? நான் உயிரோட இருக்கும்போது அந்த ஆஸ்பத்திரிக்குச் சின்ன போரா?” என்றார் இவர். “ரிக்கை அனுப்பறேன். இருநூறு அடியெல்லாம் என் ஆளுங்களுக்கு வாய் கொப்பளிக்கிற மாதிரி.”

“லாரியில போர் போடறவங்க ஒரே நாள்ல முடிச்சிடுவாங்கன்னு சிஸ்டர் சொன்னாங்க.”

“லாரிக்காரன் போட்டா அது துளை. நான் போட்டா அது கிணறு.”

பதினேழு லாரிகளில் ரிக் வந்து இறங்கியது. முப்பத்திரண்டு பேர், முப்பத்திரண்டு ஹெல்மெட். பிரசவ வார்டு ஜன்னலுக்கு நேரே பத்து மாடி உயரத்துக்குக் கோபுரம் எழும்பியது. வேலையை நடத்த வந்தவர் தலைமை டிரில்லர். மீசையை எடுத்துப் பத்து வருஷம் ஆகியும் அவருக்கு ‘மீசை’ என்றுதான் பெயர். என் வீட்டுக்காரரோடு இருபத்தைந்து வருஷம் இருக்கிறார். கெட்டிக்காரர். சொன்ன வேலையைச் சொன்னபடி செய்வார். சொல்லாததைப் பழக்கப்படி செய்வார்.

தினமும் மாலையில் சாப்பிட உட்காரும்போது இவர் ஃபோன் போடுவார். நான் பக்கத்திலேயே இருப்பேன்.

“என்ன மீசை, எல்லாம் ஒழுங்காப் போகுதா?”

“ஒழுங்காப் போகுது சார். இன்னைக்குக் கொஞ்சம் நின்னுச்சு. வழக்கம்போல அடைச்சிட்டு, இரும்புக் குழாயை இறக்கிட்டோம்.”

“சபாஷ்.”

எதை அடைத்தார்கள் என்று நான் கேட்கவில்லை. தொழில் விஷயத்தில் வாயைக் கொடுத்தால் அரை மணி நேரம் பாடம் நடத்துவார். சோறு ஆறிப்போகும்.

மூன்று வாரம் ஆயிற்று. மாதம் முடிய நாலு நாள் இருக்கும்போது, இவர் வெளிறிப்போன முகத்தோடு வீட்டுக்கு வந்து ஹெல்மெட்டைக் கழற்றாமலே கட்டிலில் படுத்துவிட்டார்.

“ஆயிரத்து நானூறு அடி போயாச்சு. பாறைதான். ஒண்ணும் இல்ல. வறண்ட கிணறு” என்றார். “அந்த சிஸ்டர் முகத்துல நான் எப்படி முழிப்பேன்?”

“அவங்க வார்டை மூடப் போறாங்க. உங்களுக்கு முழிக்கறதுதான் கவலையா?”

“வேற ஏதாவது கட்டிக் கொடுத்துடறேன். வாசல்ல ஒரு பெரிய வளைவு...”

மேற்கொண்டு கேட்டால் என் வாயிலிருந்து என்ன வருமென்று எனக்கே தெரியாது. கிளம்பி ஆஸ்பத்திரிக்குப் போய்விட்டேன். பெரிய சிஸ்டர் கத்திரிகளையும் கிண்ணங்களையும் துணியில் சுற்றிப் பெட்டியில் அடுக்கிக்கொண்டிருந்தார். அழவில்லை. என்னைப் பார்த்து, “பரவாயில்ல, சார் முயற்சி பண்ணாரே” என்றார். திட்டியிருந்தால்கூட எனக்கு நிம்மதியாக இருந்திருக்கும்.

வெளியே மீசை ஆட்களோடு ரிக்கைக் கழற்ற ஏற்பாடு செய்துகொண்டிருந்தார்.

“ஏன் மீசை, இவ்வளவு ஆழம் போயும் ஒரு சொட்டுகூடவா வரல?”

“எங்கேம்மா வந்துச்சு? எண்ணெய் வாசனைகூட அடிக்கல.”

“எண்ணெய் யாரு கேட்டா? நான் தண்ணியைக் கேக்கறேன்.”

“தண்ணியா?” அவர் முகம் மலர்ந்தது. “அது வராமலாம்மா? மூணு தடவ வந்துச்சு. நூத்தித் தொண்ணூறுல ஒண்ணு. முன்னூத்தி நாப்பதுல ஒண்ணு. எழுநூறுல வந்துது பாருங்க, அதுதான் பெரிசு. மேல வரைக்கும் பொங்கிடுச்சு. வேற யாராவது இருந்தா விட்டுட்டு ஓடியிருப்பான். நாங்க விடலியே. ஒரு நாள் முழுக்க நின்னு, சிமெண்ட் போட்டு, ஒரு சொட்டு வெளியில வராம அடைச்சோம்.”

எண்ணெய்க் கிணற்றில் தண்ணீர் வந்தால் வேலை கெட்டது, அதை உடனே அடைத்துவிட்டு மேற்கொண்டு துளைக்கவேண்டும் என்பது இந்தத் தொழிலில் முதல் நாள் சொல்லிக்கொடுக்கிற பாடம். எனக்கே தெரியும். அந்தப் பாடத்தை முப்பத்திரண்டு பேரும் ஆஸ்பத்திரி வாசலில் வைத்து ஒப்பித்திருக்கிறார்கள்.

“இது எதுக்குப் போடற கிணறுன்னு உங்களுக்குச் சொல்லலியா?”

“ஆஸ்பத்திரிக்குக் கிணறுன்னு சார் சொன்னார். ஆஸ்பத்திரிக்கு எண்ணெய் எதுக்குன்னு எங்களுக்கும் கொஞ்சம் யோசனையாத்தான் இருந்துச்சு. பெரியவங்க ஒண்ணு சொன்னா அதுல ஒரு காரணம் இருக்கும்னு விட்டுட்டோம்.”

அன்றாட வேலையை எழுதி வைக்கிற லாக் புத்தகத்தை அவரிடமிருந்து வாங்கிக்கொண்டு வீட்டுக்கு வந்தேன். தினமும் அதன் நகல் இவர் மேஜைக்குப் போகிறது, இவர் படித்து ஓரத்தில் எழுதி அனுப்புகிறார். கட்டிலின் ஓரத்தில் உட்கார்ந்து உரக்கப் படித்தேன்.

“நூற்றுத் தொண்ணூறு அடி. நல்ல நீர்வரத்து. சிமெண்ட் போட்டு அடைக்கப்பட்டது. அதுக்குக் கீழே சிவப்பு பென்சில்ல ‘நன்று’. யார் கையெழுத்து இது?”

“என்னுதுதான்.”

“எழுநூறு அடி. மிகப் பெரிய நீர்வரத்து. முழுமையாக அடைக்கப்பட்டது. ‘மிக நன்று. அனைவருக்கும் பாராட்டு.’ இது?”

“அதுவும் என்னுதுதான். அன்னைக்கு மீசை நிஜமாவே பிரமாதமா...” அங்கே நின்றுவிட்டார். ஹெல்மெட்டுக்குள் இருந்த மண்டையில் அது இறங்குவதை நான் கண்ணால் பார்த்தேன். மெதுவாக எழுந்து உட்கார்ந்தார். புத்தகத்தை வாங்கி அந்த வரியைத் தானே படித்தார். மறுபடி படித்தார்.

“எழுநூறு அடியில அவ்வளவு தண்ணி” என்றார். “நானே அடைச்சிருக்கேன்.”

எனக்குச் சிரிப்பும் வந்தது, அழுகையும் வந்தது. இரண்டையும் அடக்கிக்கொண்டு, “முதல்ல அந்த ஹெல்மெட்டைக் கழட்டுங்க” என்றேன்.

போர் போடுகிற லாரிக்காரனைக் கூப்பிட்டோம். அடுத்த மாதம் பத்தாம் தேதிக்கு முன்னால் வரமுடியாது என்று சொல்லிவிட்டான். ரிக்கை நகர்த்திப் புதிதாகத் துளைக்க நாலு நாள் போதாது. மிச்சம் இருந்தது ஒரே வழி. நீளமான இரும்புக் குழல் ஒன்றில் சின்னச் சின்ன வெடிகளை வரிசையாக வைத்து, கம்பியில் கட்டி, கிணற்றுக்குள் எழுநூறு அடிக்கு இறக்கி வெடித்தால் குழாயிலும் சிமெண்ட்டிலும் ஓட்டை விழும். அடைத்த தண்ணீர் உள்ளே வரும். எண்ணெய்க்கு அப்படித்தான் செய்வார்களாம். வெடிக்கு அனுமதி வாங்கவே மூன்று நாள் ஓடிவிட்டது. அந்த மூன்று நாளில் இவர் பெரிய சிஸ்டரிடம் போய் நடந்ததை நடந்தபடி சொன்னார். அவர் கேட்டுவிட்டு, “அப்ப தண்ணி இருக்கு” என்றார். பெட்டியைத் திறந்து கத்திரிகளை வெளியே எடுத்து வைத்தார். அவ்வளவுதான்.

மாதக் கடைசி நாள் காலை. கிணற்று வாயிலிருந்து பிரசவ அறை வரைக்கும் குழாய் போட்டாயிற்று. வார்டில் இருந்த பெண்களையெல்லாம் கட்டிடத்தின் அடுத்த கோடிக்கு மாற்றியாயிற்று. ஒன்பது மணிக்கு வெடி எழுநூறு அடியில் தொங்கிக்கொண்டிருந்தது. மீசை பொத்தானில் கை வைக்கப் போகும்போது பெரிய சிஸ்டர் வெளியே வந்தார்.

“நிறுத்துங்க. இப்பதான் ஒரு பொண்ணு வந்திருக்கா. முதல் பிரசவம். நகர்த்த முடியாது. பிள்ளை வெளியில வர்ற வரைக்கும் இங்க ஒரு பட்டாசு வெடிக்கக் கூடாது.”

“சிஸ்டர், எழுநூறு அடி ஆழத்துல வெடிக்கறது, மேல ஒரு தும்மல் மாதிரிதான் கேக்கும்” என்றார் இவர்.

“தும்மவும் கூடாது.”

என் வீட்டுக்காரர் அதுவரை யாருக்கும் காத்திருந்து நான் பார்த்ததில்லை. மந்திரி வந்தால்கூட மந்திரிதான் காத்திருப்பார். அன்றைக்குக் காத்திருந்தார். பத்து நிமிஷத்துக்கு ஒரு தடவை வார்டு வாசலுக்குப் போய், “எவ்வளவு தூரம் வந்திருக்கு சிஸ்டர்?” என்று கேட்டார். “வரவேண்டிய தூரத்துல பாதி” என்று பதில் வரும். திரும்பி வந்து முப்பத்திரண்டு பேருக்கும் அதை அறிவிப்பார். ரிக்கில் சும்மா நிற்கிற ஒவ்வொரு மணிக்கும் காரணம் எழுதவேண்டும் என்பது விதி. மீசை லாக் புத்தகத்தைத் திறந்து, ‘9.10 முதல் காத்திருப்பு. காரணம்: பிரசவம்’ என்று எழுதி வைத்தார்.

பதினோரு மணிக்குச் சுகாதார அதிகாரி சீல் வைக்கிற பையோடு வந்து ஒரு நாற்காலியில் உட்கார்ந்தார். வார்டு வாசல் பெஞ்சில் அந்தப் பெண்ணின் அம்மா இருந்தாள். முந்தானையைத் திருகித் திருகி ஒரு கயிறாகவே ஆக்கிவிட்டாள். இவர் அவள் பக்கத்தில் போய் நின்றார்.

“பொண்ணோட வீட்டுக்காரர் எங்கேம்மா?”

“உங்க நாலாம் நம்பர் ரிக்லதான் ஐயா இருக்கார். கிணத்து வேலை ஓடும்போது லீவு கிடையாதாம். கேட்டுப் பாத்தாராம்.”

இவர் என்னைத் திரும்பிப் பார்த்தார். நான் வேறு பக்கம் பார்த்தேன். அந்த வாசலில் நின்றுகொண்டு அவர் முகத்தைப் பார்க்க எனக்குப் பிடிக்கவில்லை. முப்பத்தொரு வருஷத்துக்கு முன்னால் உள்ளே நான் கிடந்தேன். என் அம்மா இதே போல ஒரு பெஞ்சில் இருந்தாள். இவர் நாலாவது நாள் வந்தார். கை நிறைய பொம்மை வாங்கிக்கொண்டு, சிரித்துக்கொண்டு வந்தார். எனக்கு அந்தக் கோபம் போகவே இல்லை. வீடு கட்டினோம், மகளுக்குக் கல்யாணம் செய்தோம், ஊர் கூடிப் பாராட்டியது. அதற்கெல்லாம் அடியில் அது அப்படியே இருந்தது. வாயைத் திறந்து ஒரு நாளும் கேட்டதில்லை. அன்றைக்குக் கேட்டுவிட்டேன்.

“நம்ம பொண்ணு பொறந்த அன்னைக்கு நீங்க எங்க இருந்தீங்க?”

“கிணறு ஓடிட்டிருந்துச்சு” என்றார்.

“தெரியும். எண்ணெய் வந்துச்சா?”

“இல்ல. தண்ணி வந்துச்சு. அதை அடைச்சிட்டு வர நாலு நாள் ஆயிடுச்சு.”

அப்புறம் ஃபோனை எடுத்தார்.

“நாலாம் நம்பரா? நான்தான் பேசறேன். உங்கிட்ட ஒரு பையனோட சம்சாரம் இங்க பிரசவத்துக்கு வந்திருக்கு. அவனை ஜீப்புல ஏத்தி அனுப்பு.”

மறுமுனையில் ரிக் மேனேஜர். இவர் காதில் வைத்தாலும் பேசுவது எல்லாருக்கும் கேட்கும். “யாருங்க நீங்க, முதலாளி மாதிரியே பேசறீங்க? முதலாளி லீவே குடுக்க மாட்டாரு. விளையாடாதீங்க, வேலை இருக்கு.” வைத்துவிட்டான்.

மறுபடி போட்டார். இந்தத் தடவை பீப்பாய்க் காலத்துக் குரலில் இரண்டு வார்த்தை திட்டினார். மேனேஜருக்கு ஆள் யாரென்று புரிந்துவிட்டது.

“சார், மன்னிச்சிடுங்க சார். ஆனா ஒரு ஆள் குறைஞ்சா ஓட்ட முடியாது சார். ரிக்கை நிறுத்தணும். எதுக்காகவும் நிறுத்தக் கூடாதுன்னு நீங்கதானே...”

“நிறுத்து.”

“சார்?”

“காது கேக்கலியா? ரிக்கை நிறுத்திட்டு அவனை அனுப்பு.”

முப்பத்திரண்டு பேரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். மீசை மட்டும், இல்லாத மீசையைத் தடவிக்கொண்டு பக்கத்தில் வந்தார். “சார், மணி பதினொண்ணே முக்கால். இப்ப வெடிச்சாத்தான் பன்னெண்டுக்குள்ள தண்ணி ஏறும். ஒரு சின்னச் சத்தம்தான். சிஸ்டர் உள்ள இருக்காங்க. அவங்களுக்குத் தெரியறதுக்குள்ள முடிஞ்சிடும்.”

வார்டு போய்விடும் என்று பயம். உள்ளே இருக்கிற பெண் பதறிவிடுவாளே என்று அதைவிடப் பயம். எதைச் சொல்வது என்று எனக்கே தெரியவில்லை. இவர் கதவைப் பார்த்தார், அதிகாரியின் பையைப் பார்த்தார்.

“வேண்டாம் மீசை. அந்தப் பொண்ணு முடிக்கட்டும்.”

பன்னிரண்டு அடித்தது. அதிகாரி எழுந்தார். கெட்டவர் இல்லை, ஆனால் அவரும் சொன்ன வேலையைச் சொன்னபடி செய்கிற ஜாதி. மெழுகையும் முத்திரையையும் கையில் எடுத்துக்கொண்டு வாசலுக்குப் போனார். பெரிய சிஸ்டர் கதவை அரை அடி திறந்தார்.

“உள்ள ஒருத்தி இருக்கா. அவளையும் சேர்த்து சீல் வைக்கறதா இருந்தா வைங்க.”

அதிகாரி விதிப் புத்தகத்தைப் புரட்டினார். ஆள் உள்ளே இருக்கும்போது சீல் வைக்க விதியில் இடமில்லை. திரும்பி வந்து நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார். இப்போது அரசாங்கமும் அந்தப் பெண்ணுக்காகக் காத்திருந்தது.

பன்னிரண்டு இருபதுக்கு உள்ளே ஒரு குரல் கேட்டது. மெலிசாக ஆரம்பித்து, பிறகு நன்றாக வீறிட்டு அழுதது. பெஞ்சில் இருந்த அம்மா முகத்தை மூடிக்கொண்டாள். பெரிய சிஸ்டர் கதவிடுக்கில் தலையை நீட்டி, “பொண்ணு. ரெண்டு பேரும் நல்லா இருக்காங்க” என்றார். “இன்னும் பத்து நிமிஷம் இருங்க. அப்புறம் உங்க தும்மலைப் போடுங்க.”

போட்டார்கள். காலுக்கு அடியில் யாரோ ஒரு கதவைச் சாத்திய மாதிரி இருந்தது, அவ்வளவுதான். கிணற்று வாயில் முதலில் காற்று சீறியது. பிறகு கறுப்பாகச் சேறு வந்தது, பிறகு பழுப்பாக வந்தது. அரை மணி கழித்து, பிரசவ அறைக் குழாயைத் திறந்த அதிகாரியின் சட்டைக் கை முழுக்க நனைந்துவிட்டது. ஒரு பாட்டிலில் பிடித்துப் பரிசோதனைக்கு எடுத்துக்கொண்டார். மெழுகையும் முத்திரையையும் பைக்குள் போட்டுக்கொண்டு, “வர்றேன் சிஸ்டர்” என்று போய்விட்டார்.

ஒன்றரை மணிக்கு ஜீப் வந்தது. அதிலிருந்து தலையிலிருந்து கால் வரைக்கும் சேறும் எண்ணெயுமாக ஒரு பையன் குதித்து ஓடிவந்தான். வாசலில் பெரிய சிஸ்டர் கையை நீட்டித் தடுத்தார். “இப்படியேவா? கழுவிட்டு வாங்க.”

அவன் திருதிருவென்று விழித்தான். என் வீட்டுக்காரர் கிணற்றிலிருந்து வந்த ரப்பர் குழாயைக் கையில் எடுத்தார். “இங்க வா, குனி” என்றார். முதலாளியே தண்ணீர் ஊற்றினால் குனிவதா, ஓடுவதா என்று அவனுக்குப் புரியவில்லை. “திரும்பு. காதுக்குப் பின்னாடி. நல்லாத் தேய், பிள்ளையைத் தூக்கப் போற கை.” இவருடைய சட்டையும் தொப்பலாக நனைந்துவிட்டது. பையன் தண்ணீர் சொட்டச் சொட்ட உள்ளே ஓடினான். கதவு மூடிக்கொண்டது.

இவர் வந்து படியில் என் பக்கத்தில் உட்கார்ந்தார். ரொம்ப நேரம் அந்தக் கதவையே பார்த்துக்கொண்டிருந்தார்.

“அன்னைக்கு உனக்கு உள்ள எப்படி இருந்துச்சு?” என்றார்.

எனக்கு முதலில் கோபம்தான் வந்தது. முப்பத்தொரு வருஷம் கழித்துக் கேட்கிற கேள்வியா இது என்று எழுந்து போய்விடலாமா என்றிருந்தது. முகத்தைப் பார்த்தேன். நிஜமாகத்தான் கேட்கிறார்.

“பெரிய கதை அது. இப்ப உங்களுக்கு நேரம் இருக்கா?”

“இருக்கு. சொல்லு.”

மீசை ஃபோனைக் கையில் பிடித்துக்கொண்டு வந்தார். “சார், நாலாம் நம்பர்ல மறுபடி ஓட்டலாமான்னு கேக்கறாங்க.”

“அப்புறம்” என்றார் இவர், திரும்பாமலே.

நான் முதல் வலி எடுத்த நேரத்திலிருந்து ஆரம்பித்தேன்.